காட்டச் சொன்னான், காட்டினேன்

ஜன்னல் பக்கம் நீங்களே உட்காருங்கள் சார். எனக்குக் காற்று ஆகாது. பேச்சும் ஆகாது. திருப்பூர் வரைக்கும் நான் பாட்டுக்கு வருவேன். நீங்கள் பாட்டுக்கு வாருங்கள்.

போனில் என்ன அமுக்குகிறீர்கள்? இல்லை, எனக்கென்ன. அமுக்குங்கள்.

நில்லுங்கள். அமுக்காதீர்கள். 'அனுமதி' என்று கேட்கிறதே, எதற்கு அனுமதி? படித்தீர்களா? படிக்கவில்லை. உங்கள் போட்டோவைச் சின்ன வயசுக்காரன் மாதிரி ஆக்கித் தருமா? ஆக்கட்டும். அதற்கு உங்கள் முகநூல் பாஸ்வேர்டு எதற்கு? சலூனில் முடி வெட்டப் போனால் வீட்டுச் சாவியையா கேட்கிறான்?

பையில் வையுங்கள். சொல்கிறேன். சுருக்கமாகத்தான். நான் நீட்டிப் பேசுகிறவன் இல்லை.

நான் டிக்கெட் செக்கர். ரிட்டயர் ஆகிவிட்டேன். இதே மதுரை, திண்டுக்கல், தாராபுரம் ரூட்டில் ஏறி இறங்கியவன். பெயர் குருநாதன். கண்டக்டர்கள் வைத்த பெயர் டார்ச்சு. சீட்டுக்கு அடியில் டார்ச் அடித்துப் பார்ப்பேன், எவனாவது ஒளிந்திருப்பான் என்று. ஒரு தடவை ஒருவன் ஒளிந்திருந்தான். அந்த ஒருவனுக்காக சர்வீஸ் முழுக்கக் குனிந்தேன். இடுப்பு போனது அதில்தான். எதிரே வருகிற வண்டி டிரைவர் விளக்கைச் சிமிட்டுவான், முன்னால் டார்ச்சு நிற்கிறான் என்று. அவ்வளவு மரியாதை.

சர்வீஸில் ஒன்று கற்றுக்கொண்டேன் சார். டிக்கெட் இருக்கிறவன் கேட்டதும் நீட்டுவான். இல்லாதவன்தான் சட்டம் பேசுவான். 'நீ யாரு? உன் கார்டைக் காட்டு, ஏன் காட்டணும், எதுக்குக் காட்டணும்' என்பான். யோக்கியன் கேள்வி கேட்க மாட்டான். காட்டு என்றால் காட்டுவான். இது ஒன்றுதான் நான் கற்றது. இதுதான் என்னைக் கவிழ்த்தது.

அதோ, டிரைவருக்குப் பின்னால் இருக்கிற சீட்டில் பச்சைச் சேலை தெரிகிறதா? அவள்தான் மனோன்மணி. என் வீட்டுக்காரி. என்னோடு உட்கார மாட்டேன் என்று முன்னால் போய்விட்டாள். வழியெல்லாம் கண்டக்டரைக் குறை சொல்லுவேனாம். வாடிப்பட்டியில் ஏறிய சிவப்புச் சட்டைக்கு இந்த ஆள் இன்னும் டிக்கெட் கொடுக்கவில்லை. நான் ஏதாவது சொன்னேனா?

சரி. ரிட்டயர் ஆனவனுக்குக் காலையில் என்ன வேலை? முகநூலில் கணக்கு தொடங்கினேன். தினம் ஒன்று எழுதுவேன். பஸ் நிறுத்தத்தில் கூரை இல்லை. படியில் தொங்குகிறவனுக்குப் புத்தி இல்லை. நான் எழுதுவது நாட்டுக்கு. நாடு லைக் போடவில்லை. பழைய கண்டக்டர் செல்லையா மட்டும் தினமும் கும்பிடுகிற கை போடுவான். பழைய பயத்தில் போடுகிறான் என்று பிறகுதான் தெரிந்தது.

எவன் படிக்கிறான், எவன் படித்துவிட்டுப் படிக்காதவன் மாதிரி நழுவுகிறான், அது தெரிய வேண்டாமா? அதற்காகத்தான் போனில் ஒரு ஆப்பைப் போட்டேன். மகளுக்காக இல்லை.

மகளா? இருக்கிறாள். அங்கயற்கண்ணி. கண்ணி என்று கூப்பிடுவோம். அதை எதற்கு இப்போது கேட்கிறீர்கள்?

கேட்டுவிட்டீர்கள், சொல்லிவிடுகிறேன். அவளாகவே ஒரு பையனைப் பார்த்துக்கொண்டாள். திருப்பூர்ப் பையன். சகாயராஜ். நாங்கள் கோயில், அவன் சர்ச். பதிவு அலுவலகத்தில் கல்யாணத்தை முடித்துவிட்டு வந்து வாசலில் நின்றாள். 'இனிமேல் என்னோடு பேசாதே' என்றேன். கோபத்தில் எவன்தான் சொல்ல மாட்டான்? அவள் என்ன செய்ய வேண்டும்? கொஞ்ச நாள் பொறுத்துப் போன் பண்ண வேண்டும். அதுதானே முறை? பண்ணவில்லை. இரண்டு வருஷமாகப் பண்ணவில்லை. சின்ன வயசிலிருந்து நான் சொன்ன எதையும் கேட்காதவள், இதை மட்டும் கேட்டாள்.

ஆனால் முகநூல் நண்பர்களிலிருந்து என்னை அவள் நீக்கவில்லை. நானும் நீக்கவில்லை. நீக்கிவிட்டாளா என்று தினமும் பார்ப்பேன். பார்ப்பது பேச்சில் சேராது சார்.

அவள் குழந்தைச் சட்டை விற்கிறாள். 'கண்ணி குட்டீஸ்' என்று பக்கம் வைத்திருக்கிறாள். பனியன் கம்பெனியில் மிஞ்சுகிற துணியை வாங்கி, அவளே வரைந்து, அவளே தைப்பாள். யானை போட்ட சட்டை, தவளை போட்ட ஜட்டி. எங்கெங்கிருந்தோ வாங்குகிறார்கள். கடை கிடையாது, போர்டு கிடையாது. அந்தப் பக்கம்தான் அவள் கடை. நான் லைக் போட்டதில்லை. படத்தைப் பெரிதாக்கிப் பார்ப்பேன். தையல் நேராக ஓடியிருக்கிறதா என்று. அவ்வளவுதான்.

என்னுடையதை அவள் பார்க்கிறாளா? அது தெரியாது. அதைத் தெரிந்துகொள்ள... இல்லை, பொதுவாக எவன் பார்க்கிறான் என்று தெரிந்துகொள்ள ஒரு வழி இல்லாமலா போகும் என்று இருந்தேன்.

வழி வந்தது. ஒரு வீடியோவுக்கு நடுவில் விளம்பரம். 'உங்கள் பக்கத்தை ரகசியமாகப் பார்ப்பவர் யார்? பார்வை செக்கர்!' காக்கி நிறத்தில் ஒரு கேடயம். செக்கர் என்றதும் நம்ம ஆள் என்று ஒரு இது.

அமுக்கினேன். போன் தடுத்தது. 'இது தெரியாத இடத்திலிருந்து வருகிறது, தீங்கு செய்யலாம்' என்றது. மறுபடி அமுக்கினேன். மறுபடி தடுத்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எத்தனை கண்டக்டரைப் பார்த்திருக்கிறேன்! நான் ஏறப்போனால் படியை மறித்துக்கொண்டு நிற்பான். 'சார், பின்னாடி வண்டி காலியா வருது சார்' என்பான். உள்ளே டிக்கெட் இல்லாத ஆள் இருக்கிறது என்று அர்த்தம். போனும் அப்படித்தான் எவனையோ காப்பாற்றப் பார்க்கிறது என்று நினைத்தேன். 'தள்ளுடா' என்று சொல்லி அனுமதித்தேன். வாய்விட்டே சொன்னேன். மனோன்மணி யாரை என்று எட்டிப் பார்த்தாள்.

ஆப் திறந்தது. எழுத்து வந்தது. 'இந்தக் கணக்கின் உண்மையான உரிமையாளர் நீங்கள்தானா? பாஸ்வேர்டைக் காட்டவும். மறுத்தால் நடவடிக்கை எடுக்கப்படும்.'

தயவுசெய்து என்று ஒரு வார்த்தை இல்லை பாருங்கள். நானும் சர்வீஸில் அந்த வார்த்தையைச் சொன்னதில்லை. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. உலகத்தில் கடைசியாக ஒருவனாவது ஒழுங்காகப் பரிசோதிக்கிறான். நீ யார், எந்த ஊர் செக்கர், உன் கார்டு எங்கே என்று நான் கேட்டேனா? நான் யோக்கியன் இல்லையா? காட்டச் சொன்னான், காட்டினேன்.

'பரிசோதனை நடக்கிறது' என்று ஒரு சக்கரம் சுற்றியது. மத்தியானம் தொண்ணூற்றொன்பது சதவீதத்தில் வந்து நின்றது. அங்கேயே நின்றது. நல்ல செக்கர் அவசரப்பட மாட்டான் என்று நானும் விட்டுவிட்டேன்.

மறுநாள் முகநூல் என்னை உள்ளே விடவில்லை. பாஸ்வேர்டு தப்பு என்றது. வயசாகிறது, மறந்துவிட்டேன் போல என்று இருந்துவிட்டேன். நாடு ஒரு வாரம் என் கட்டுரை இல்லாமல் இருந்தது. நாட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை.

அப்போது செல்லையா போன் பண்ணினான்.

"சார், ரொம்ப நன்றி சார். எங்க வீட்ல எல்லாருக்கும் படிச்சுக் காட்டினேன்."

"எதைடா?"

"பிறந்தநாள் வாழ்த்து அனுப்பினீங்களே சார். 'அன்புத் தம்பி செல்லையா'ன்னு போட்டு. சர்வீஸ்ல ஒரு நாள்கூட நீங்க என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்ல சார். 'ஏய் வண்டி'ன்னுதான் கூப்பிடுவீங்க."

"நான் அனுப்பவில்லை."

"விளையாடாதீங்க சார். அப்புறம், நீங்க போடச் சொன்ன பார்வை செக்கரையும் போட்டுட்டேன். பாஸ்வேர்டு கேட்டுச்சு. மத்தவன் சொல்லியிருந்தா போட்டிருப்பனா? டார்ச்சு... மன்னிச்சுக்கங்க சார், நீங்களே சொல்றீங்கன்னா அதுல ஓட்டை இருக்குமா? நம்ம டிப்போ ஆளுங்க எல்லாரும் போட்டுட்டோம்."

புரிகிறதா சார்? நான் யாரையும் நம்பாதவன் என்று ஊரே நம்பியிருக்கிறது. அந்த நம்பிக்கையைத்தான் அந்த ஆப்காரன் என்னிடமிருந்து திருடியிருக்கிறான். என் பெயரில் உட்கார்ந்துகொண்டு எல்லாருக்கும் வணக்கம் சொல்கிறான். எல்லார் படத்துக்கும் இதயம் போடுகிறான். துக்கத்துக்கு ஆறுதல் எழுதுகிறான். ஒரு வாரத்தில் எனக்கு அப்படி நல்ல பெயர். நான் என் வாழ்நாளில் சம்பாதிக்காத பெயர்.

'அது நான் இல்லை, ஆப்பைத் தூக்கி எறி' என்று செல்லையாவிடம் சொன்னேன். அவன் சொன்ன பதிலைக் கேளுங்கள்.

"அப்ப வாழ்த்தும் நீங்க இல்லையா சார்?"

நான் சொல்வது களவு. அவன் கேட்பது வாழ்த்து.

போனை வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறேன், மனோன்மணி மாடிப்படியில் தடதடவென்று இறங்கி வருகிறாள். கையில் அவள் போன். கண் நிறையத் தண்ணீர், வாய் நிறையச் சிரிப்பு. ஒரே முகத்தில் இரண்டும்.

"என்னங்க, எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையே!"

"எதை?"

"கண்ணிகிட்ட தெனமும் எழுதுறீங்களாமே! சாப்பிட்டியான்னு கேட்டீங்களாம். ஒடம்பப் பாத்துக்கன்னு சொன்னீங்களாம். புள்ள அழுதுகிட்டே சொல்றா."

"உன்னிடம் யார் சொன்னது?"

"அவதான். லைன்ல இருக்கா."

சாயங்காலம்தோறும் மாடிக்குத் துணி எடுக்கப் போவாள் சார். எங்கள் வீட்டில் இருப்பது இரண்டே பேர். அத்தனை துணி ஏது என்று நான் யோசித்ததே இல்லை. தன் அக்காவோடு பேசுகிறாள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இரண்டு வருஷமாக மகளோடு பேசியிருக்கிறாள். செக்கர் வீட்டுக்குள்ளேயே டிக்கெட் இல்லாத பயணம்.

"நான் எழுதவில்லை" என்றேன்.

அவள் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்றது. போனை உள்ளங்கையால் பொத்திக்கொண்டாள்.

"மெதுவாப் பேசுங்க. எழுதினேன்னு சொல்லிடுங்களேன்."

"எழுதாததை எப்படிச் சொல்வது?"

"யாரு வந்து பரிசோதிக்கப் போறா? ரெண்டு வருசம் கழிச்சு சந்தோசமா இருக்கா. விடுங்களேங்க."

விடுகிறவனா நான்? போனைப் பிடுங்கினேன். "அது நான் இல்லை" என்றேன். இரண்டு வருஷம் கழித்து மகளிடம் நான் பேசிய முதல் பேச்சு சார் அது. அது நான் இல்லை.

லைன் போய்விட்டது.

மனோன்மணி நிஜமாகவே துணி எடுக்க மாடிக்குப் போனாள்.

மறுநாள் அவள் போனுக்கு ஒரு அழைப்பு. எடுத்து, கேட்டு, என் பக்கம் நீட்டினாள். பெயர் சொல்லவில்லை.

"மாமா, சகாயராஜ் பேசறனுங்க. போனை வெச்சராதீங்க. திட்டறதுன்னா அப்பறமாத் திட்டிக்கலாமுங்க."

கல்யாணம் முடிந்து அந்தப் பையன் என்னிடம் பேசிய முதல் பேச்சு இது. அப்பறமாத் திட்டிக்கலாம் என்றால் எனக்கும் சரிதான். கேட்டேன்.

என் பெயரில் இருக்கிறவன் முந்தாநாள் கண்ணியிடம் ஒரு உதவி கேட்டிருக்கிறான். 'உன் போனுக்கு ஒரு நம்பர் வரும், அப்பாவுக்கு அனுப்பும்மா' என்று. அனுப்பியிருக்கிறாள். அவ்வளவுதான். அவள் பக்கம் போய்விட்டது. யானைச் சட்டை இருந்த இடத்தில் தொப்பை குறைக்கும் எண்ணெய். வாங்குகிறவர்களெல்லாம் அவளைக் கூப்பிட்டு ஏசுகிறார்கள். 'கொழந்தைத் துணின்னு நம்பி வந்தா என்ன எழவ விக்கிற?' என்கிறார்கள்.

"நம்பரை ஏன் கொடுத்தாள்? அறிவு வேண்டாமா?" என்றேன்.

"அப்பா கேட்டாருன்னு குடுத்தாளுங்க."

அதற்குமேல் எனக்கு அந்த விசாரணையில் கேள்வி இல்லை.

"மாமா, நீங்க புதுசா ஏதாச்சும் ஆப் போட்டீங்களா?"

"ஒன்று இருக்கிறது. வேலை செய்துகொண்டிருக்கிறது."

"என்ன வேலைங்க?"

"என் பக்கத்தை யார் பார்க்கிறார்கள் என்று கண்டுபிடிக்கிறது. தொண்ணூற்றொன்பது வந்துவிட்டது. பெயர்கள் வர வேண்டியதுதான் பாக்கி."

"அது வராதுங்க மாமா" என்றான்.

சிரிக்கவில்லை சார். நானாக இருந்தால் அபராதமே போட்டிருப்பேன். ஒவ்வொன்றாகச் சொன்னான். அந்த ஆப் இன்னும் போனுக்குள் உட்கார்ந்துகொண்டு நான் அடிக்கிறதையெல்லாம் அந்தத் திருடனுக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறது, முதலில் அதைக் கழற்றுங்கள். போனை முழுசாகத் துடைத்துவிடுங்கள். அதற்குப் பிறகு பாஸ்வேர்டை மாற்றுங்கள், முன்னாடி மாற்றினால் புதுசும் அவன் கைக்குத்தான் போகும். போலீஸில் எழுதிக் கொடுங்கள். உங்கள் பெயரில் யார் எதைக் கேட்டாலும் கொடுக்க வேண்டாமென்று எல்லாரிடமும் சொல்லுங்கள். பொறுமையாகச் சொன்னான். மூடனுக்குச் சொல்வது மாதிரி சொல்லவில்லை. அதுதான் எனக்குக் கஷ்டமாக இருந்தது.

போலீஸில் ஒரு பெண் எஸ்.ஐ. மனோன்மணியும் கூட வந்திருந்தாள்.

"பாஸ்வேர்டை ஏன் சார் குடுத்தீங்க?"

"கேட்டான், கொடுத்தேன்."

"யார் கேட்டாலும் குடுத்துடுவீங்களா?"

"நான் கேட்டபோதெல்லாம் எல்லாரும் கொடுத்தார்கள் அம்மா."

அந்த அம்மாவுக்கு அது விளங்கவில்லை. "பழைய பாஸ்வேர்டு என்ன?" என்று கேட்டார்.

"அது ரகசியம்."

"இப்பத்தான் ரகசியமா சார்?"

"கண்ணின்னு இருக்கும்" என்றாள் மனோன்மணி, சுவரைப் பார்த்துக்கொண்டு.

அடிக்கச் சுலபமான பெயர் சார். சின்னப் பெயர். வேறு காரணம் இல்லை.

எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன். கூடவே போன் நம்பரையும் மாற்றினேன். நம்பரை மாற்ற வேண்டியதில்லை மாமா என்றுதான் அந்தப் பையன் சொன்னான். எனக்குச் சந்தேகம். சந்தேகம் வர வேண்டிய நேரத்தில் வரவில்லை, இப்போது வந்து என்ன? வந்தது, மாற்றினேன். முகநூலுக்கு எழுதிப் போட்டேன், என் கணக்கையும் மூடிவிட்டார்கள். உண்மையைச் சொன்னால் கொஞ்சம் வருத்தம்தான். என்னைவிட அவன் நன்றாக நடத்திக்கொண்டிருந்தான்.

கண்ணியின் பக்கம் மட்டும் வரவில்லை. எழுதிப் போட்டிருக்கிறார்கள். வருமோ, வராதோ. அவள் உட்கார்ந்து வரைந்ததெல்லாம் அதில் இருக்கிறது. அவளைத் தேடி வந்தவர்களெல்லாம் அதில் இருக்கிறார்கள்.

"நீங்க ஒரு தரம் பேசுங்க" என்றாள் மனோன்மணி. நான் பேசுகிறேன் என்று சொல்லவில்லை. எப்படி நடந்தது என்று விசாரிக்க வேண்டும் என்றேன். நேற்றுக் காலையில் புது நம்பரிலிருந்து கூப்பிட்டேன்.

"யாரு?"

"நான்தான்."

"நான்தான்னா?"

"அப்பா."

"அப்பான்னு ஏற்கெனவே ஒருத்தர் பேசினாரு. ரொம்ப நல்லாப் பேசினாரு. நீங்க எந்த அப்பா?"

"குரல் தெரியவில்லையா உனக்கு?"

"குரலையும் இப்பல்லாம் செஞ்சு பேசுறானுங்களாம். நம்பரும் புதுசா இருக்கு. நான் கேக்குறதுக்குப் பதில் சொல்லுங்க. அப்பத்தான் பேசுவேன்."

என்னை நிறுத்திக் கேட்கிறாள் சார். என்னை! கேளு என்றேன்.

"நான் காலேஜ்ல என்ன படிச்சேன்?"

"கெமிஸ்ட்ரி."

"பாட்டனி. எனக்குப் பிறந்தநாள் எப்ப?"

"மழைக்காலம். ஐப்பசி."

"தேதி?"

"அம்மாவிடம் கேட்டுச் சொல்கிறேன்."

"வேணாம். எனக்கு ஆகாத காய் எது?"

"ஆகாத காய் என்று என்ன இருக்கிறது? எல்லாக் காயும் சாப்பிட வேண்டும்."

அந்தப் பக்கம் சத்தம். சிரிக்கிறாளா, அழுகிறாளா என்று தெரியவில்லை. இவளும் அம்மா மாதிரிதான், இரண்டும் ஒன்றாக வரும்.

"அந்த ஆளு எல்லாம் சரியாச் சொன்னான்பா. பொறந்த தேதி, படிச்ச காலேஜ், எல்லாம். என் பக்கத்துல இருக்கே, பாத்துப் படிச்சிருப்பான். நீங்க ஒண்ணுகூடத் தெரியாம நிக்கிறீங்க. நீங்கதான் எங்கப்பா."

பாஸாகிவிட்டேன் சார். எல்லாக் கேள்விக்கும் தப்பாகப் பதில் சொல்லி என் வாழ்க்கையில் பாஸான ஒரே பரீட்சை.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "என்னை இவ்வளவு கேட்கத் தெரிகிறதே, அவனை ஏன் கேட்கவில்லை? சாப்பிட்டியா என்று என்றைக்காவது நான் உன்னைக் கேட்டிருக்கிறேனா? அந்த இடத்திலேயே தெரிய வேண்டாமா, இது அப்பா இல்லை என்று?"

"தெரிஞ்சுதுப்பா" என்றாள்.

"தெரிந்ததா?"

"மொத நாளே சந்தேகம்தான்."

"சந்தேகம் வந்தால் நிறுத்திக் கேட்க வேண்டும்!"

"கேட்டா நின்னு போயிரும்லப்பா. அதான் கேக்கல."

சார், எத்தனை ஆயிரம் வண்டியை நிறுத்தி ஏறியிருக்கிறேன். ஒரு பதில்கூட என்னை இப்படி நிறுத்தியதில்லை.

ஜன்னலைக் கொஞ்சம் சாத்துங்கள். கண்ணில் தூசி. ஒட்டன்சத்திரம் தாண்டினால் இப்படித்தான், ஒரே தூசி.

அப்புறம் அவள்தான் பேசினாள். "வாங்கப்பா" என்றாள். எதற்கு என்றேன். எதற்கு என்றுதான் கேட்டேன், நான் என்ன செய்ய. புதுசாக ஒரு பக்கம் தொடங்கியிருக்கிறாளாம். பழைய ஆட்கள் நம்பி வர மாட்டேன் என்கிறார்களாம். இதுவும் எண்ணெய்க்காரன் வேலையாக இருக்கும் என்கிறார்களாம்.

"நீங்க வந்து உக்காந்து சொல்லுங்கப்பா. இப்படி ஒரு ஆப் வந்துச்சு, நான் டிக்கெட் செக்கர், நானே ஏமாந்தேன், என் மக தப்பு ஒண்ணும் இல்லன்னு. உங்க மாப்பிள்ளை வீடியோ எடுப்பாரு. உங்க மூஞ்சியப் பாத்தா பொய்யின்னு யாரும் சொல்ல மாட்டாங்க."

ஊர் பார்க்க நான் ஏமாந்தவன் என்று சொல்ல வேண்டும். டிப்போ முழுக்கப் பார்க்கும். செல்லையா கும்பிடுகிற கை போடுவான், இல்லை வேறு எதையாவது போடுவான். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். மனோன்மணி அதற்குள் பையைக் கட்டிவிட்டாள். அதனால்தான் வருகிறேன். விசாரணைதான். வீடியோ சும்மா அதோடு சேர்த்து.

மூன்று நிமிஷத்தில் சொல்லி முடிக்கணுமாம். மாப்பிள்ளை கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். உங்களிடம் சொல்லிப் பார்த்தேன். எவ்வளவு நேரம் ஆயிற்று? தாராபுரமே தாண்டிவிட்டதா? குறைக்க வேண்டும்.

உங்கள் போட்டோ ஆப்பை அழித்துவிட்டீர்களா? காட்டுங்கள். இல்லை, வேண்டாம். நான் கேட்டேன் என்று யாரிடமும் எதையும் காட்டாதீர்கள். நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒரு உதவி செய்யுங்கள் சார். இன்னும் நேரம் இருக்கிறது. பஸ் ஸ்டாண்டில் வைத்து மனோன்மணி எனக்கு எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்தாள். நீங்கள் கேளுங்கள், நான் சொல்கிறேன். என்ன படித்தாள்? பாட்டனி. பிறந்தது? அக்டோபர் இருபத்தெட்டு, செவ்வாய்க்கிழமை, நல்ல மழை. ஆகாத காய்? புடலங்காய். சின்ன வயசிலிருந்தே ஆகாதாம். தட்டில் ஒதுக்கி வைப்பாளாம். நான் அந்தத் தட்டைப் பார்த்ததில்லை.

எல்லாம் சரிதானே? அதுதான் இப்போது பயமாக இருக்கிறது. வாசலில் நிறுத்தி அவள் மறுபடி கேட்பாள், என் மகள் அல்லவா. எல்லாவற்றுக்கும் சரியாகச் சொல்லிவிட்டால், இது எவனோ வேறு ஆள் என்று கதவைச் சாத்திவிட்டால் என்ன செய்வது?

ஒன்றையாவது தப்பாகச் சொல்லித்தான் ஆக வேண்டும். பிறந்த தேதியை இனி மாற்றிச் சொல்ல எனக்கு வாய் வராது. காயில் தப்பு பண்ணிக்கொள்கிறேன். கத்தரிக்காய் என்று சொல்லிவிடுகிறேன்.